சார்மினார் நேற்றுப் பிறந்த குழந்தை!

ஹைதராபாத் என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வரும்? பிரியாணி, முத்து, இரானி டீ, ஐ.டி. கம்பெனி, அப்புறம் சார்மினார்! அந்தச் சார்மினாருக்கு என்ன வயது தெரியுமா? கட்டியது 1591-ல். 430 வருஷம் தாண்டிவிட்டது. கிழவர்தான்!

ஆனால் அதே ஊருக்குள்ளேயே சார்மினாரைப் பார்த்து, ‘போடா பொடியா’ என்று சொல்லக்கூடிய கட்டுமானங்கள் இருக்கின்றன, தெரியுமா? 2,000 வருஷம், 3,000 வருஷம், சில கணக்குகளின்படி 4,000 வருஷம்! சிமென்ட் கிடையாது, சுண்ணாம்பு கிடையாது, கல்வெட்டு கிடையாது. கல் மட்டும்தான்! யார் கட்டினார்கள்? எதற்குக் கட்டினார்கள்? இந்த இரண்டு கேள்விகளுக்கும் கடந்த 200 வருஷமாகச் சொல்லப்பட்ட பதில்கள் இருக்கின்றனவே, அவை கற்களைவிட ஆச்சரியமானவை!

பல்கலைக்கழக வளாகத்துக்குள் கல்லறை!

கச்சிபௌலி தெரியும்தானே? கண்ணாடிக் கட்டடங்களும் டிராஃபிக்குமாக இருக்கிற அதே கச்சிபௌலிதான். அங்கே ஹைதராபாத் பல்கலைக்கழகத்தின் பரந்த வளாகம் இருக்கிறது. அந்த வளாகத்துக்குள்ளேயே பெருங்கற்காலக் கல்லறைகள், அதாவது பெரிய பெரிய கற்களை வைத்துக் கட்டிய பழங்காலக் கல்லறைகள், இருக்கின்றன என்றால் நம்புவீர்களா?

அதே பல்கலைக்கழகத்தின் பேராசிரியர் கே.பி.ராவ் தலைமையில் அங்கே தோண்டினார்கள். மண்பாண்டங்களோடு இரும்புக் கத்திகளும் கிடைத்தன! அவற்றின் காலத்தை எப்படிக் கண்டுபிடித்தார்கள் தெரியுமா? அதுதான் இன்னும் பெரிய ஆச்சரியம். குவார்ட்ஸ் மணல் இருக்கிறதே, அது தான் கடைசியாக வெயிலைப் பார்த்தது எப்போது என்பதை ஞாபகம் வைத்திருக்கும்! இருட்டில் புதைந்த நாளிலிருந்து மணலுக்குள் கொஞ்சம் கொஞ்சமாக ஆற்றல் சேர்கிறது. ஆய்வகத்தில் ஒளியைப் பாய்ச்சினால் அந்த மணல் மினுங்கும். எவ்வளவு மினுங்குகிறதோ அவ்வளவு வயது!

இந்த முறையில் ஹைதராபாத்திலுள்ள தேசிய புவி இயற்பியல் ஆய்வு நிறுவனம் சொன்ன கணக்கு என்ன தெரியுமா? 4,000 வருஷத்துக்கும் மேல்! 2015-ல் செய்தி வெளிவந்ததும் பல அறிஞர்கள் புருவத்தை உயர்த்தினார்கள். இந்தியாவில் இரும்பு அவ்வளவு பழையதா? இருக்கவே முடியாது என்றார்கள். கொஞ்சம் பொறுங்கள், அந்த இரும்புக் கதையைப் பின்னால் சொல்கிறேன்.

கிருஷ்ணைக் கரையில் ஒரு கல் காடு!

ஹைதராபாத்திலிருந்து தென்மேற்கே சுமார் 200 கிலோமீட்டர். நாராயண்பேட்டை மாவட்டம். கர்நாடக எல்லைக்குப் பக்கத்தில், கிருஷ்ணா நதிக்கரையில் முடுமால் என்று ஒரு சின்னக் கிராமம். அங்கே சுமார் 80 ஏக்கரில் என்ன நிற்கிறது தெரியுமா? குத்துக்கற்கள்! 10 அடி, 12 அடி, 14 அடி உயரத்தில் ஏறத்தாழ 80 கற்கள்! அவற்றைச் சுற்றி வரிசை வரிசையாகச் சின்னக் கற்கள். எத்தனை? 3,000 அளவில்!

பிரான்ஸில் கார்னாக் என்ற இடத்தில் 3,000-க்கும் மேற்பட்ட கற்கள் வரிசையாக நிற்பதைப் பார்க்க உலகமே விமானம் ஏறிப் போகிறது. நம் ஊர்க்காரர்களில் எத்தனை பேருக்கு முடுமால் தெரியும்?

சரி, சும்மாவா நட்டு வைத்தார்கள்? இல்லையாம்! சில கல்வரிசைகள் சூரியன் உதிக்கும், மறையும் திசைகளோடு பொருந்துகின்றன என்கிறார் கே.பி.ராவ். வருஷத்தின் மிக நீண்ட பகல், மிகக் குறைந்த பகல் போன்ற நாட்களைக் கண்டுபிடிக்கும் நாட்காட்டியாக அது இருந்திருக்கலாம் என்பது அவர் கருத்து. விதைப்பது எப்போது, மழை எப்போது என்று கல்லைப் பார்த்தே சொல்லியிருப்பார்களோ!

இதைவிட வாய்பிளக்க வைக்கும் சங்கதி ஒன்று உண்டு. அங்கே ஒரு தட்டையான பாறை. அதில் கிண்ணம் போலச் சின்னச் சின்னக் குழிகள். விரலை வைத்தால் பதியும் அளவு. பார்த்தால் யாரோ பொழுதுபோகாமல் குடைந்தது போலத்தான் இருக்கும். ஆனால் அந்தக் குழிகளில் ஏழைச் சேர்த்துப் பாருங்கள். நாம் மொட்டை மாடியில் படுத்துக்கொண்டு பார்க்கிறோமே, அதே சப்தரிஷி மண்டலம்! வானத்தில் இருப்பதைப் பாறையில் படம் போட்டு வைத்துவிட்டார்கள் என்கிறார் ராவ். அப்படியானால் தெற்காசியாவிலேயே மிகப் பழைய நட்சத்திரப் படங்களில் அது ஒன்று!

இங்கே ஒரு குறும்புக் கேள்வி. சப்தரிஷியை வைத்து நாம் இன்று துருவ நட்சத்திரத்தைக் கண்டுபிடிக்கிறோம். ஆனால் 4,000 வருஷத்துக்கு முன்னால் இன்றைய துருவ நட்சத்திரம் சரியான வடக்கைக் காட்டவே இல்லை, தெரியுமா? பூமியின் அச்சு தள்ளாடித் தள்ளாடி ஒரு சுற்றுச் சுற்ற ஏறத்தாழ 26,000 வருஷம் ஆகிறது. அதனால் வடக்கு காட்டும் நட்சத்திரம் யுகத்துக்கு யுகம் மாறிக்கொண்டே இருக்கிறது! முடுமால்காரர்கள் பார்த்த வானத்தின் நடுப்புள்ளி வேறு. சப்தரிஷி படம் என்பதிலேயே எனக்குக் கொஞ்சம் ஆசையும் கொஞ்சம் சந்தேகமும் உண்டு. குழிகள் நிறைய இருந்தால், நாம் தேடுகிற உருவம் எங்காவது கிடைத்துவிடும் அல்லவா?

ஊர்க்காரர்கள் என்ன சொல்கிறார்கள் தெரியுமா? அவர்களுக்கு இது ஆய்வுக்கூடம் அல்ல, சாமி! நின்றபடி இருக்கும் கற்களை வணங்குகிறார்கள். ஒரு கல் எல்லம்மாவாகவே பூஜை வாங்கிக்கொள்கிறது. ஒரு காலத்தில் மனிதர்களாக இருந்தவர்கள் சாபத்தால் கல்லாகிப் போனார்கள் என்று கதையும் உண்டு. சாமியாக இருந்ததால்தான் பல கற்கள் பிழைத்தன என்று நினைக்கிறேன். சாமி இல்லாத கற்களில் எத்தனையோ உழவுக்கு இடைஞ்சல் என்று பெயர்த்துப் போடப்பட்டுவிட்டன.

2025 மார்ச்சில் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான தற்காலிகப் பட்டியலில் முடுமால் இடம்பிடித்தது. அந்தத் தடவை இந்தியாவிலிருந்து சேர்ந்தவை மொத்தம் ஆறு. அதில் இந்தக் கிராமம் ஒன்று!

கொலைகாரர் கதை எழுதியவர் கல்லறை தோண்டினார்!

நிஜாம் ராஜ்யத்தில் இந்தக் கற்களை முதன்முதலில் ஒழுங்காகத் தோண்டிப் பார்த்தவர் யார் தெரியுமா? ஒரு நாவலாசிரியர்! பெயர் மெடோஸ் டெய்லர். 15 வயதில் இந்தியாவுக்கு வந்தவர். நிஜாமின் படையில் சேர்ந்து, பிறகு சுராப்பூர் சமஸ்தானத்தை நிர்வகித்தவர். 1839-ல் அவர் எழுதிய ‘ஒரு தக்கின் வாக்குமூலம்’ என்ற நாவல் லண்டனில் சக்கைப்போடு போட்டது. வழிப்போக்கர்களைக் கழுத்தை நெரித்துக் கொன்ற தக்கர்களின் கதை. விக்டோரியா மகாராணியே ஆவலோடு படித்தார் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்!

அந்த மனிதர் சுராப்பூர், ஜேவர்கி பக்கம் கல்வட்டங்களைத் தோண்டினார். அன்றைக்கு மற்றவர்கள் எல்லாம் எப்படித் தோண்டுவார்கள் தெரியுமா? பானை கிடைக்குமா, பொன் கிடைக்குமா என்று மண்வெட்டியைப் போடுவார்கள், அவ்வளவுதான். டெய்லர் அப்படிச் செய்யவில்லை. எந்த மண் அடுக்குக்குக் கீழே எந்த அடுக்கு, பானை எங்கே, எலும்பு எங்கே என்று குழியைக் குறுக்கே வெட்டிய மாதிரி படம் வரைந்து வைத்தார்! இது நடந்தது 1850-களில். தொல்லியலை யாரும் அவருக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை. ஒரு நூற்றாண்டு கழித்து, இந்தியத் தொல்லியல் துறையின் தலைவராக இருந்த மார்ட்டிமர் வீலர் அந்தப் படங்களைப் பார்த்துப் பாராட்டினார்!

படம் சரி. விளக்கம்? அங்கேதான் வேடிக்கை! ஐரோப்பாவின் கற்களும் தக்காணத்தின் கற்களும் ஒரே மாதிரி இருக்கின்றனவே என்று டெய்லர் அசந்துபோனார். முடிவு கட்டிவிட்டார். இவற்றைக் கட்டியவர்கள் ஐரோப்பாவின் பழங்கால கெல்ட்டுகள்! அல்லது சித்தியர்கள்! அயர்லாந்தின் துரூயிது பூசாரிகளை தக்காண வெயிலில் கொண்டுவந்து நிறுத்திவிட்டார்! 1860-களில் அயர்லாந்தின் ராயல் கழக வெளியீட்டிலேயே இதை அச்சிட்டார்.

இன்னொன்று. சில குழிகளில் தலை ஒரு பக்கம், உடல் ஒரு பக்கமாக எலும்புகள் கிடந்தன. உடனே நரபலி என்று எழுதினார். எழுத மாட்டாரா? கழுத்து நெரிப்பவர்களின் கதையை எழுதியவர் ஆயிற்றே!

உண்மையில் நடந்தது வேறாக இருக்கலாம். பெருங்கற்கால மக்கள் பல இடங்களில் பிணத்தை உடனே புதைக்கவில்லை. வெட்டவெளியில் விட்டார்கள், அல்லது வேறு இடத்தில் தற்காலிகமாக வைத்தார்கள். சதை கரைந்த பிறகு எலும்புகளைப் பொறுக்கி எடுத்துக் கல்லறையில் வைத்தார்கள். அப்படிப் பொறுக்கும்போது மண்டையோடு மட்டும் வரும், தொடை எலும்பு மட்டும் வரும். ஒரே கல்லறையில் நாலைந்து பேர் கலந்து கிடப்பதும் உண்டு. எலும்பே இல்லாத கல்லறைகளும் உண்டு!

நமக்கு இது புதிதா என்ன? மணிமேகலையைத் திறந்து பாருங்கள். பிணத்தைச் சுடுபவர்கள், அப்படியே போட்டுவிடுபவர்கள், குழி தோண்டிப் புதைப்பவர்கள், நிலவறையில் அடைப்பவர்கள், தாழியால் கவிப்பவர்கள் என்று ஐந்து வகையையும் சாத்தனார் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறார்! ஒரே சுடுகாட்டுக் கோட்டத்தில் ஐந்து முறை! டெய்லருக்கு மட்டும் தமிழ் தெரிந்திருந்தால் நரபலிக்கு வேலை இருந்திருக்காது.

கோதாவரிக் காட்டில் சிலுவைகள்!

இது அதைவிடப் பெரிய கூத்து. முலுகு, பத்ராத்ரி கொத்தகூடம் மாவட்டங்களின் காடுகளில், கோதாவரியை ஒட்டி, பலகைக்கற்களை நிறுத்தி மேலே மூடுகல் போட்ட கல்திட்டைகள் நூற்றுக்கணக்கில் நிற்கின்றன. ஜானம்பேட்டை, தாமரவாய், காத்தாப்பூர், மங்கப்பேட்டை என்று எத்தனையோ இடங்கள். தெலுங்கு மக்கள் வைத்த பெயர் ராட்சச குள்ளு, அதாவது ராட்சதர்களின் கோயில்கள்! மனிதன் தூக்கக்கூடிய கல்லா அது என்ற பிரமிப்புதான் பெயராகிவிட்டது.

சில திட்டைகளுக்குள் எட்டிப் பார்த்தால் ஒற்றைக் கல்லில் குடைந்த தொட்டி இருக்கும். குளிக்கும் தொட்டி அல்ல, சவத்தொட்டி!

திட்டைகளுக்குப் பக்கத்தில் ஆள் உயரத்துக்கும் மேலே சில கற்கள். எப்படி இருக்கின்றன தெரியுமா? நேர்க் கம்பம், குறுக்கே இரண்டு கை. அச்சு அசல் சிலுவை! 1868-ல் முல்ஹெரன் என்ற அளவையாளர் இவற்றைப் படம் வரைந்து உலகுக்குச் சொன்னார். கட்டடக்கலை வரலாற்றில் பெரிய புள்ளியான ஜேம்ஸ் பெர்குசன் 1872-ல் வெளியிட்ட தன் புத்தகத்தில் அந்தப் படங்களைப் போட்டார். போட்டுவிட்டு என்ன சொன்னார் தெரியுமா? இங்கே ஏதோ ஒரு பழைய கிறிஸ்தவக் கூட்டம் வாழ்ந்திருக்க வேண்டும்!

கோதாவரிக் காட்டில் கிறிஸ்தவக் கூட்டமா! பிற்பாடு உற்றுப் பார்த்தவர்கள் தலையில் கைவைத்துக்கொண்டார்கள். சில ‘சிலுவை’களுக்கு மார்பு இருக்கிறது! அது சிலுவை இல்லை, கையை விரித்து நிற்கும் பெண்! இன்று தொல்லியலாளர்கள் மனித உருவக் கற்கள் என்கிறார்கள். தாய்த்தெய்வமா, இறந்தவரின் உருவமா என்ற வாதம் இன்னும் ஓயவில்லை.

சரி, தமிழ்நாட்டில் இப்படி உண்டா? உண்டு! திருவண்ணாமலை மாவட்டத்தில் மோட்டூர் போய்ப் பாருங்கள். கல்வட்டத்துக்கு நடுவே, தலையில்லாமல் தோள் மட்டும் அகன்று விரிந்த ஒரு பெரிய பலகைக்கல். ஊர்க்காரர்கள் இன்றும் கும்பிடுகிறார்கள். செஞ்சிப் பக்கம் உடையாநத்தத்தில் அதே வடிவில் இன்னொன்று! கோதாவரிக்கும் செஞ்சிக்கும் எவ்வளவு தூரம்! ஆனால் கல்லுக்கு மனித உருவம் கொடுக்கும் அந்த எண்ணம் மட்டும் இரண்டு இடத்திலும் முளைத்திருக்கிறது.

40 டன் மூடி!

வீட்டில் ஊறுகாய் ஜாடிக்கு மூடி போடுகிறோம். ஒரு கல்லறைக்குப் போட்ட மூடியின் எடை என்ன தெரியுமா? சித்திப்பேட்டை மாவட்டம் நர்மெட்டாவில் 2017-ல் தெலங்கானா தொல்லியல் துறை தோண்டியது. கல்லறையின் மேலே இருந்த மூடுகல் 40 டன்னுக்கும் மேல்! 40,000 கிலோ! அதைத் தூக்க இந்தக் காலத்திலும் பெரிய கிரேன் வரவேண்டியிருந்தது!

ஒப்பிட்டுப் பாருங்கள். இங்கிலாந்தின் ஸ்டோன்ஹெஞ்சில் நிற்கும் பெரிய கற்களின் சராசரி எடை 25 டன்னை ஒட்டித்தான். நர்மெட்டாக்காரர்கள் ஜெயித்துவிட்டார்கள்! ஆனால் தூரத்தில் ஸ்டோன்ஹெஞ்ச்தான் ராஜா. அங்கே கிடக்கும் ‘பலிபீடக் கல்’ ஸ்காட்லாந்தின் வடகிழக்கிலிருந்து சுமார் 750 கிலோமீட்டர் பயணம் செய்து வந்தது என்று 2024-ல்தான் கண்டுபிடித்தார்கள்! தக்காணத்துக்காரர்களுக்கு அந்தக் கவலையே இல்லை. காலை எடுத்து வைத்தால் பாறை! ஹைதராபாத்தைச் சுற்றியுள்ள கருங்கல்லின் வயது ஏறத்தாழ 250 கோடி வருஷம். டைனோசர்கள் எல்லாம் அதற்கு நேற்று வந்தவை!

எப்படி உடைத்தார்கள்? இந்தக் கருங்கல் வெயிலிலும் மழையிலும் வெங்காயத் தோல் மாதிரி அடுக்கடுக்காகத் தானே கழன்று வரும். கழன்ற பலகையை நெம்பினால் பாதி வேலை முடிந்தது. உருளை மரம், கயிறு, சாய்வாகப் போட்ட மண்மேடு, நூற்றுக்கணக்கான தோள்கள்... மிச்சப் பாதியும் முடிந்தது. ராட்சதன் யாரும் தேவையில்லை. ஆனால் ஒன்று தேவை. இத்தனை பேரும் ஒருவர் சாவுக்காகத் தங்கள் வேலையை விட்டுவிட்டு வர வேண்டும்! அவர்களுக்குச் சோறு போட வேண்டும்! அப்படியானால் உள்ளே படுத்திருப்பவர் சாமானியரா?

நர்மெட்டாவில் கிடைத்த எலும்புகள் எங்கே போயின தெரியுமா? ஹைதராபாத்திலேயே இருக்கும் செல் மற்றும் மூலக்கூறு உயிரியல் மையத்துக்கு, மரபணுச் சோதனைக்கு! நம் ஊர் வெப்பத்திலும் ஈரத்திலும் பழைய எலும்பில் மரபணு தாக்குப்பிடிப்பது மகா கஷ்டம்.

தட்டினால் முழங்கும் பாறை!

கொப்பள் மாவட்டத்தின் ஹிரேபெங்கல், இன்றைக்குக் கர்நாடகம், அன்றைக்கு நிஜாம் ராஜ்யம். மலை உச்சியில் சுமார் 400 கல்திட்டைகள்! சில திட்டைகளின் பலகையில் வட்டமாக ஒரு துளை. ஆன்மா போய்வர வாசலா, இல்லை அடுத்தடுத்து எலும்பு வைக்க வழியா? சண்டை தீரவில்லை! அங்கேயே ஒரு பெரிய பாறைமேல் முரசு மாதிரி இன்னொரு பாறை உட்கார்ந்திருக்கிறது. தட்டினால் ஒரு கிலோமீட்டருக்குக் கேட்கும்!

அங்குள்ள மக்கள் இந்தத் திட்டைகளை மோரியர் வீடு என்கிறார்கள். மோரியர் என்றால் குள்ளர்களாம். நம் ஊரிலும் குள்ளர் வீடு, பாண்டவர் வீடு என்று சொல்கிறோமே! கல்லைப் பார்த்தால் ராட்சதன் கட்டியது போலிருக்கிறது, வாசலைப் பார்த்தால் குள்ளன் நுழைவது போலிருக்கிறது. பாவம், ஜனங்கள் என்ன செய்வார்கள்? இரண்டு கதையையும் வைத்துக்கொண்டார்கள்!

தலைகீழாகச் சுட்ட பானை!

கல்லறைகளில் கிடைக்கும் பானைகளை என்றைக்காவது பக்கத்தில் பார்த்திருக்கிறீர்களா? உள்ளே கறுப்பு, வாய்ப்பக்கம் கறுப்பு, வெளியே கீழ்ப்பாதி சிவப்பு! சாயம் பூசினார்களா? இல்லை! பானையைத் தலைகீழாகக் கவிழ்த்துச் சூளையில் வைத்தார்கள். காற்றுப் படாத வாயும் உட்புறமும் கறுத்துவிட்டன, காற்றுப் பட்ட பக்கம் சிவந்துவிட்டது! ஒரே நெருப்பில் இரண்டு நிறம்! விரலால் தடவினால் வழவழவென்று இருக்கும் அந்த மெருகும் கையால் தேய்த்துத் தேய்த்து வந்ததுதான். ஆதிச்சநல்லூரிலும் இதே பானை, கீழடியிலும் இதே பானை, ஹைதராபாத்தின் மௌலா அலியிலும் இதே பானை!

அந்தப் பானைகளில் கீறல்கள்!

1914-ல் நிஜாம் அரசு தொல்லியல் துறை தொடங்கியபோது தலைவராக வந்தவர் குலாம் யஸ்தானி. அஜந்தா ஓவியங்களைக் காப்பாற்றிப் புத்தகமாக்கிய அதே யஸ்தானிதான்! அதே சமயத்தில் டாக்டர் ஹன்ட் என்ற மருத்துவர், நோயாளிகளைப் பார்த்த நேரம் போக, ஹைதராபாத்தின் கற்குவியல்களைத் தோண்டிக்கொண்டிருந்தார். பானைகளில் அம்பு மாதிரி, ஏணி மாதிரி, பெருக்கல் குறி மாதிரி கீறல்கள்! யஸ்தானி உட்கார்ந்து ஒவ்வொன்றாக வரைந்து 1917-ல் பட்டியல் போட்டார். இவை எழுத்தாக இருக்குமோ?

அப்போது சிந்துவெளி நாகரிகம் என்று ஒன்று இருப்பதே உலகத்துக்குத் தெரியாது! அதை ஜான் மார்ஷல் அறிவித்தது 1924-ல்தான். ஆகவே யஸ்தானி கேட்ட கேள்வியின் முழு வீச்சு அவருக்கே தெரிந்திருக்காது.

100 வருஷத்துக்கும் மேல் கழித்து அதே கேள்வி சென்னையில் எழுந்தது. தமிழ்நாட்டுப் பானைக் கீறல்களில் ஏறத்தாழ 90 சதவீதத்துக்கு சிந்துவெளிக் குறியீடுகளோடு ஒற்றுமை இருக்கிறது என்று தமிழகத் தொல்லியல் துறையின் ஆய்வு சொன்னது. 2025 ஜனவரியில் முதல்வர் ஸ்டாலின், சிந்துவெளி எழுத்தைப் படித்துக் காட்டுபவருக்கு 10 லட்சம் டாலர் பரிசு என்று அறிவித்தார்! உங்கள் வீட்டில் யாராவது புதிர் அவிழ்ப்பதில் கெட்டிக்காரர் இருக்கிறாரா?

கைதியாக வந்தவர் சொன்ன கதை!

இரண்டாம் உலகப் போர் மூண்டபோது இந்தியாவில் மாட்டிக்கொண்ட ஒரு மானிடவியலாளர், கிறிஸ்டோஃப் ஃபியூரர்-ஹைமண்டார்ஃப். பிறந்தது வியன்னாவில். கையில் இருந்தது ஜெர்மன் பாஸ்போர்ட்! எதிரி நாட்டவர் என்று பிரிட்டிஷார் பிடித்துவிட்டார்கள். எங்கே வைத்தார்கள் தெரியுமா? ஹைதராபாத் ராஜ்யத்தில்! சும்மா இருக்கிற ஆளா அவர்? செஞ்சு, கோண்டு மக்களோடு காட்டில் தங்கிப் புத்தகம் புத்தகமாக எழுதித் தள்ளினார். கைதி பிறகு நிஜாம் அரசின் ஆலோசகரும் ஆனார்!

அவர் சொன்ன கருத்து பெரிய சூறாவளியைக் கிளப்பியது. இந்தக் கல்லறைகளைக் கட்டி, இரும்பைக் கொண்டுவந்தவர்கள்தான் திராவிட மொழிகளையும் தென்னிந்தியாவுக்குக் கொண்டுவந்தார்கள், அதுவும் கிறிஸ்துவுக்குச் சில நூற்றாண்டுகளுக்கு முன்னால்தான் என்றார்! அந்தக் கட்டுரை எங்கே வெளிவந்தது தெரியுமா? 1953-ல், தனிநாயகம் அடிகளின் ‘தமிழ் கல்ச்சர்’ இதழில்! தமிழர் நேற்று வந்தவர் என்று சொல்லும் கட்டுரைக்குத் தமிழறிஞரே பக்கம் ஒதுக்கியிருக்கிறார் பாருங்கள்!

இப்போது அந்தக் கருத்து எப்படி இருக்கிறது? ஆட்டம் கண்டுவிட்டது! கிருஷ்ணகிரி மாவட்டம் மயிலாடும்பாறையில் கிடைத்த இரும்பின் காலம் கி.மு. 2172 என்று 2022-ல் அறிவித்தார்கள். 2025 ஜனவரியில் தூத்துக்குடி மாவட்டம் சிவகளையின் கணக்கு வந்தது. கி.மு. 3345! ஹைதராபாத் பல்கலைக்கழக வளாகத்துக் கத்தியைப் பார்த்துப் புருவம் உயர்த்தியவர்கள், இப்போது புருவத்தை எங்கே வைப்பார்கள்? இன்னும் பல இடங்களில் பல முறை சோதித்து உறுதி செய்ய வேண்டும் என்கிறார்கள் அறிஞர்கள். நியாயம்தான். ஆனால் இரும்பு வெளியிலிருந்து தாமதமாக வந்தது என்ற பழைய பாடம் இனிமேல் எடுபடாது.

மம்மிக்கு வரிசை, மண்ணின் மைந்தனுக்கு?

ஹைதராபாத் பப்ளிக் கார்டனில் இருக்கும் மாநில அருங்காட்சியகத்தில் எகிப்துப் பெண்ணின் மம்மி ஒன்று இருக்கிறது, தெரியுமா? தென்னிந்தியாவில் மம்மி பார்க்க அங்கேதான் போக வேண்டும். அந்தப் பெண்ணுக்கு வயது 2,300-ஐத் தாண்டும். ஜனங்கள் கூட்டமாக நின்று பார்க்கிறார்கள். அதே ஊரில் போவன்பள்ளிக்குப் பக்கத்தில் ஹஷ்மத்பேட்டை. அங்கே இருக்கும் கல்லறைகள் மம்மியைவிட மூத்தவை! சுற்றிலும் வீடுகள் நெருக்குகின்றன, உள்ளே குப்பை விழுகிறது. கப்பலேறி வந்தவளுக்குக் கண்ணாடிப் பெட்டி, உள்ளூர்க்காரருக்கு முள்செடி. நம் மரியாதை இப்படித்தான்!

இன்னும் கட்டுகிறார்கள்!

பெருங்கற்காலம் முடிந்துவிட்டது என்று யார் சொன்னது? சத்தீஸ்கரின் பஸ்தரில் மாரியா கோண்டு மக்கள் இறந்தவருக்காக நெடுங்கல் நடுவதைக் கிரிக்சன் என்ற அதிகாரி 1938-ல் புத்தகமாகவே எழுதினார். அந்தப் பழக்கம் இன்றும் அற்றுப்போகவில்லை! மேகாலயத்தின் நார்தியாங்கில் 8 மீட்டர் உயரக் கல் நிற்கிறது! கோதாவரிக் காட்டுக் கோயா மக்களும் கல் நட்டவர்கள்தான்.

நமக்கு? நடுகல் இருக்கிறதே! 2006-ல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த நடுகற்களில் தமிழ்-பிராமி எழுத்து! முடுமாலில் பெயரில்லாமல் நின்ற கல்லுக்கு, நம் வைகைக் கரையில் பெயர் கிடைத்துவிட்டது!

பாருங்கள், டெய்லர் அயர்லாந்தோடு பழகியவர், கல்லில் கெல்ட்டைப் பார்த்தார். பெர்குசன் சிலுவையைப் பார்த்தார். கிராமத்து ஜனங்கள் எல்லம்மாவைப் பார்க்கிறார்கள். ராக்கெட் விடும் காலத்து நாம் நட்சத்திரப் படத்தைப் பார்க்கிறோம். இன்னும் 100 வருஷம் கழித்து வருபவர்கள் நம்மைப் பார்த்துச் சிரிப்பார்களோ என்னவோ! அப்படிச் சிரிக்கவும் அவர்களுக்குக் கல் மிச்சமிருக்க வேண்டுமே?

அடுத்த முறை ஹைதராபாத் போனால் சார்மினாரைப் பாருங்கள், பிரியாணி சாப்பிடுங்கள். ஒரு நாள் மட்டும் முடுமாலுக்கு ஒதுக்குங்கள். கற்களில் பெயர் எழுதாதீர்கள், சுண்ணாம்பு அடிக்காதீர்கள், குழிகளில் கல்லை வைத்துத் தட்டிப் பார்க்காதீர்கள். அவ்வளவு தூரம் போக முடியாதவர்கள் மோட்டூருக்காவது போய்வாருங்கள், திருவண்ணாமலையிலிருந்து ஒரே நாளில் திரும்பிவிடலாம்!